காந்தமிதவைத் தொடர்வண்டியும் தையூர் சோதனைப் பாதையும்

காந்தமிதவைத் தொடர்வண்டி என்பது தண்டவாளத்தின் மீது சக்கரங்களால் உருளாமல், காந்த விசையால் பாதையிலிருந்து சற்று விலகி நின்று ஓடும் வண்டியாகும். இதைச் செய்தித்தாள்கள் மேக்லெவ் என்று குறிப்பிடுகின்றன. தமிழ்நாட்டில் இந்தத் தொழில்நுட்பத்தோடு நேரடித் தொடர்புடைய இடம் செங்கற்பட்டு மாவட்டத்தில் கேளம்பாக்கத்தை அடுத்த தையூர். சென்னை இந்தியத் தொழில்நுட்பக் கழகத்தின் (ஐஐடி) இரண்டாவது வளாகத்தில், காற்று வெளியேற்றப்பட்ட குழாய்க்குள் மிதந்து செல்லும் வண்டியைச் சோதிப்பதற்காக எஃகுக் குழாய்ப் பாதை ஒன்று 2024ஆம் ஆண்டின் இறுதியில் கட்டி முடிக்கப்பட்டது. அரசு அறிவிப்புகளில் அதன் நீளம் ஓரிடத்தில் 410 மீட்டர் என்றும் இன்னோரிடத்தில் 422 மீட்டர் என்றும் காணப்படுகிறது.

அரை கிலோமீட்டருக்கும் குறைவான அந்தக் குழாயை எப்படி மதிப்பிடுவது? அதற்கு நூறாண்டுக்கும் மேற்பட்ட காந்தமிதவை வரலாற்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். அந்த வரலாற்றில் ஒன்று திரும்பத் திரும்பக் காணப்படுகிறது. வண்டியை மிதக்க வைப்பதில் பல நாடுகள் வெற்றி பெற்றன. அந்த வண்டி ஓடுவதற்கான நீண்ட பாதையை அமைப்பதில் மிகச் சில நாடுகளே வெற்றி பெற்றன.

மிதக்க வைக்கும் முறைகள்

இரண்டு வளையக் காந்தங்களை ஒத்த முனைகள் எதிரெதிரே இருக்குமாறு ஒரு பென்சிலில் செருகினால் மேல் வளையம் அந்தரத்தில் நிற்கும். பென்சிலை உருவிவிட்டால் அது அடுத்த நொடியே பக்கவாட்டில் நழுவிப் புரண்டு கீழ்க்காந்தத்தோடு ஒட்டிக்கொள்ளும். இதைக் கணித வழியில் நிறுவியவர் ஆங்கிலேயரான சாமுவேல் எர்ன்ஷா. நிலையான காந்தங்களை மட்டும் எப்படி அடுக்கினாலும் ஒரு பொருளை நிலையாக மிதக்க வைக்க முடியாது என்பது 1842இல் வெளியான அவரது தேற்றத்தின் சாரம். ஆகவே காந்தமிதவை வண்டிகள் எல்லாமே ஏதோ ஒரு வகையில் இந்தத் தேற்றத்தின் நிபந்தனைகளைத் தாண்ட வேண்டியுள்ளது. அதற்கு இரண்டு வழிகள் நடைமுறைக்கு வந்தன.

முதலாவது ஈர்ப்பு முறை. வண்டியின் அடிப்பகுதி பாதையின் இரு விளிம்புகளையும் கைகளால் பற்றுவது போலக் கீழ்ப்புறமாக வளைந்திருக்கும். அந்தக் கைகளில் உள்ள மின்காந்தங்கள் மேலேயுள்ள இரும்புத் தகடுகளை நோக்கி ஈர்க்கப்படுவதால் வண்டி மேலெழும். இடைவெளி சுமார் 10 மி.மீ. மட்டுமே. இடைவெளி குறைந்தால் ஈர்ப்பு கூடும். கவனிக்காமல் விட்டால் காந்தம் தகட்டோடு ஒட்டிக்கொள்ளும். எனவே உணரிகள் நொடிக்குப் பல ஆயிரம் முறை இடைவெளியை அளக்கின்றன. அதற்கேற்ப மின்னோட்டம் கூட்டியும் குறைத்தும் சரிசெய்யப்படுகிறது. விரல் நுனியில் குச்சியைச் செங்குத்தாக நிறுத்தி விளையாடும் சிறுவன் கையை ஓயாமல் அசைத்துக்கொண்டிருப்பது போன்ற வேலை இது. வண்டி நின்றுகொண்டிருக்கும்போதும் இம்முறையில் மிதக்க முடியும்.

இரண்டாவது விலக்கு முறை. ஒரு தாமிரக் குழாயைச் செங்குத்தாகப் பிடித்து அதனுள் வலுவான காந்தத்தைப் போட்டால், கல் விழுவது போல அது விழாது. மெல்ல மெல்ல இறங்கும். தாமிரத்தைக் காந்தம் ஈர்ப்பதில்லை. ஆனால் காந்தம் நகரும்போது குழாயின் சுவரில் சுழல் மின்னோட்டங்கள் உண்டாகின்றன; அவை உண்டாக்கும் காந்தப்புலம் அந்த நகர்வையே எதிர்க்கிறது. இது லென்சு விதி. வீடுகளில் முன்பு இருந்த பழைய மின்மீட்டரில் சுழலும் அலுமினியத் தட்டின் வேகத்தை ஒரு சிறு காந்தம் கட்டுப்படுத்தியதும் இதே விதியால்தான். வண்டியில் வலுவான காந்தங்களைப் பொருத்தி, பாதையில் கம்பிச் சுருள்களை வரிசையாகப் பதித்துவிட்டால், வண்டி வேகமாகச் செல்லும்போது சுருள்களில் தூண்டப்படும் மின்னோட்டம் வண்டியைத் தூக்கிப் பிடிக்கும். இடைவெளியைக் கண்காணிக்கக் கருவி வேண்டியதில்லை. ஆனால் வேகம் குறைந்தால் தூக்கும் விசையும் போய்விடும் என்பதால், விமானம் போல இந்த வண்டிக்கும் புறப்படவும் நிற்கவும் சக்கரம் தேவை.

சக்கரம் பாதையை அழுத்தாதபோது வண்டியை முன்னே தள்ளுவது எது? அதற்கு நேரியல் மோட்டார் பயன்படுகிறது. சாதாரண மின்மோட்டாரின் வெளிப்பகுதியை ஓரிடத்தில் வெட்டி, பாயை விரிப்பது போல நீளவாக்கில் விரித்துவிட்டதாகக் கற்பனை செய்துகொள்ளலாம். சுழல வேண்டிய காந்தப்புலம் அப்போது நேர்கோட்டில் ஓடும். வண்டி அதன் பின்னே இழுபட்டுச் செல்லும். மோட்டாரின் மின்சுற்றுகளை வண்டியில் வைப்பதா, பாதையில் வைப்பதா என்பது முக்கியமான கேள்வி. வண்டியில் வைத்தால் பாதை மலிவு, வேகம் குறைவு. பாதையில் வைத்தால் வண்டி இலேசாகும், 400 கி.மீ. வேகத்தைத் தாண்டலாம். ஆனால் நூறு கிலோமீட்டர் பாதை என்றால் நூறு கிலோமீட்டர் நீளமுள்ள மோட்டாரையே கட்ட வேண்டும். காந்தமிதவைப் பாதையின் செலவு ஏறுவதற்கு இது ஒரு முதன்மைக் காரணம்.

முன்னோடிகள்

பிரான்சில் பிறந்து அமெரிக்காவில் குடியேறிய எமீல் பாச்லே 1912இல் மிதக்கும் வண்டிக்குக் காப்புரிமை பெற்றார். 1914இல் இலண்டனில் அவர் இயக்கிக் காட்டிய மாதிரியை, அப்போது கடற்படை அமைச்சராக இருந்த வின்ஸ்டன் சர்ச்சில் நேரில் பார்த்தார். சில மாதங்களில் முதல் உலகப்போர் தொடங்கிவிட்டது. மின்சாரத்தை அளவுக்கு மீறி விழுங்கிய அந்த மாதிரி, போர் வராமலிருந்தாலும் நடைமுறைக்கு வந்திருக்கும் என்று சொல்வதற்கில்லை.

இதே காலத்தில் சைபீரியாவின் தோம்ஸ்க் நகரில் பேராசிரியர் போரிஸ் வைன்பெர்க், தாமிரக் குழாய்க்குள் மின்காந்தங்களால் தூக்கி இயக்கப்படும் சிறு வண்டியைச் சோதித்தார். காற்றில்லாக் குழாயில் பயணம் என்ற எண்ணத்தை, பின்னாளில் ஏவூர்தி ஆய்வால் புகழ்பெற்ற இராபர்ட் கோடார்ட் தம் மாணவப் பருவத்திலேயே எழுதியிருந்தார். இன்று ஹைப்பர்லூப் என்ற பெயரில் புதுமையாகப் பேசப்படும் கருத்து இவ்வளவு பழமையானது.

உறுதியான பொறியியல் அடித்தளத்தை அமைத்தவர் ஜெர்மானியரான ஹெர்மன் கெம்பர். 1922 முதல் இதைப் பற்றிச் சிந்தித்து வந்த அவர், சக்கரமில்லா மிதவை வண்டிக்கு 1934இல் காப்புரிமை பெற்றார். மேலே சொன்ன ஈர்ப்பு முறை அவருடையது. இடைவெளியை நொடிதோறும் திருத்தும் மின்னணுக் கருவிகள் மலிவாகக் கிடைக்க ஏறத்தாழ முப்பது ஆண்டுகளுக்கு மேல் காத்திருக்க வேண்டியதாயிற்று.

பிரிட்டனில் நேரியல் தூண்டல் மோட்டாரை வளர்த்தெடுத்தவர் இலண்டன் இம்பீரியல் கல்லூரியின் எரிக் லெய்த்வெயிட். அவரது மோட்டாரைக் கொண்டு, காற்றுமெத்தையில் மிதக்கும் வண்டி ஒன்று கேம்பிரிட்ஜ் அருகே சோதிக்கப்பட்டது. 1973இல் அரசு நிதியை நிறுத்தியதும் அது முடங்கியது. பின்னர் 1984இல் பர்மிங்காம் விமான நிலையத்தையும் அருகிலிருந்த ரயில் நிலையத்தையும் இணைத்து, சுமார் 600 மீட்டர் நீளத்தில் காந்தமிதவை வண்டி விடப்பட்டது. வணிக முறையில் ஓடிய முதல் காந்தமிதவைச் சேவை அதுவே. வேகம் மணிக்கு 42 கி.மீ.; மிதிவண்டிப் பந்தய வீரர் முந்திவிடுவார். பதினோர் ஆண்டுகளுக்குப் பிறகு உதிரிப் பாகங்கள் கிடைக்காமல் நிறுத்தப்பட்டு, அந்த இடத்தில் பேருந்து விடப்பட்டது. உலகில் வேறெங்கும் இல்லாத வண்டிக்கு உதிரிப் பாகம் செய்துதர எந்தத் தொழிற்சாலையும் இருக்காது. இந்தத் துறையின் பிற்கால வரலாற்றிலும் இந்தச் சிக்கல் அடிக்கடி தலைகாட்டுகிறது.

ஜெர்மனி கண்டது, ஷாங்காய் பெற்றது

மூனிக் அருகே ஓட்டோபுரூனில் 1971 மே மாதம் மனிதர்களை ஏற்றிச் சென்ற மின்காந்த மிதவை வண்டி சோதிக்கப்பட்டது. 1979இல் ஹாம்பர்க் போக்குவரத்துக் கண்காட்சியில் 908 மீட்டர் பாதையில் டிரான்ஸ்ராபிட் வண்டி ஓடியது. 50,000க்கும் மேற்பட்டோர் அதில் ஏறிப் பார்த்தனர். வடமேற்கு ஜெர்மனியின் எம்ஸ்லாந்து பகுதியில் 31.5 கி.மீ. நீளச் சோதனைப் பாதை 1980களில் அமைந்தது.

பெர்லினிலும் ஒரு சிறு பாதை இருந்தது. நகரைப் பிரித்த சுவரால் ஒரு சுரங்க ரயில் தடம் பயனற்றுக் கிடந்தது. அந்த இடத்தில் 1.6 கி.மீ. நீளமுள்ள எம்-பான் என்னும் காந்த வண்டியை அமைத்து 1989 ஆகஸ்டில் பயணிகளை ஏற்றத் தொடங்கினார்கள். மூன்றே மாதங்களில் சுவர் விழுந்தது. பழைய சுரங்க ரயில் தடத்தை மீண்டும் இணைப்பதே நகரத்தின் தேவையாகிவிட்டதால், 1991இல் எம்-பான் நிறுத்தப்பட்டுப் பிரிக்கப்பட்டது.

பெரிய திட்டங்களும் நிலைக்கவில்லை. ஹாம்பர்க்–பெர்லின் இடையே 292 கி.மீ. பாதை அமைக்கும் திட்டம் 2000இல் கைவிடப்பட்டது. மூனிக் விமான நிலையத்திற்கான 37 கி.மீ. பாதையின் மதிப்பீடு 185 கோடி யூரோவிலிருந்து 300 கோடி யூரோவுக்கு மேல் உயர்ந்ததும் 2008 மார்ச்சில் அதுவும் கைவிடப்பட்டது. இடையில் 2006 செப்டம்பர் 22 அன்று எம்ஸ்லாந்து பாதையில் நின்றிருந்த பராமரிப்பு வண்டியின் மீது சோதனை வண்டி மோதி 23 பேர் உயிரிழந்தனர். மிதக்கும் நுட்பம் தவறவில்லை. பாதை காலியாக இருக்கிறதா என்று உறுதிசெய்யும் நடைமுறை தவறியது. ஆயினும் இறந்தவர்களின் குடும்பங்களுக்கும், தொழில்நுட்பத்தின் மீது மக்கள் வைத்திருந்த நம்பிக்கைக்கும் அந்த வேறுபாட்டால் பெரிய பயனில்லை. எம்ஸ்லாந்து பாதை 2011இல் மூடப்பட்டது.

ஜெர்மனியின் வண்டியைச் சீனா வாங்கியது. ஷாங்காய் நகரின் லோங்யாங் சாலை நிலையத்திலிருந்து புதோங் விமான நிலையம் வரை 30 கி.மீ. பாதை 2002 டிசம்பர் 31 அன்று தொடங்கி வைக்கப்பட்டு, 2004 முதல் முறையான சேவையாக ஓடியது. 2021 வரை அதன் அதிகபட்ச வேகம் மணிக்கு 431 கி.மீ. ஆகவும், பயண நேரம் எட்டு நிமிடத்திற்கும் குறைவாகவும் இருந்தது. இன்றளவும் பயணிகளை ஏற்றி வணிக முறையில் ஓடும் அதிவேகக் காந்தமிதவைப் பாதை உலகில் அது ஒன்றே. ஆனால் லோங்யாங் சாலை நகரின் மையம் அன்று. அங்கே இறங்கி மெட்ரோ மாற வேண்டும். மிச்சப்படுத்திய நேரம் மாறும் இடத்தில் போய்விடுகிறது. பாதையை ஹாங்சோ வரை நீட்டும் திட்டத்தை எதிர்த்து 2008 ஜனவரியில் ஷாங்காய்க் குடியிருப்பாளர்கள் தெருவில் இறங்கினார்கள். அத்திட்டம் கிடப்பில் போடப்பட்டது. சீனா அதன்பின் பல்லாயிரம் கிலோமீட்டர் அதிவேக ரயில் பாதை அமைத்தது. அவை எல்லாம் சக்கர ரயிலுக்கானவை.

ஜப்பானின் நீண்ட பொறுமை

வண்டியில் மீகடத்திக் காந்தங்களைப் பொருத்தும் கருத்தை 1960களில் முன்வைத்தவர்கள் அமெரிக்காவின் புரூக்கேவன் ஆய்வகத்தைச் சேர்ந்த ஜேம்ஸ் பவலும் கார்டன் டான்பியும். நியூயார்க் பாலம் ஒன்றில் போக்குவரத்து நெரிசலில் சிக்கி நின்றபோது பவலுக்கு இந்த எண்ணம் தோன்றியதாகச் சொல்வர். கருத்து அமெரிக்காவில் பிறந்தது. அதைக் கைவிடாமல் வளர்த்தது ஜப்பான்.

ஜப்பானிய தேசிய ரயில்வே 1962இல் ஆய்வைத் தொடங்கியது. அந்நாட்டு ரயில்வேயின் நூற்றாண்டான 1972இல் எம்எல்100 என்ற சோதனை வண்டி மிதந்தது. மியாசாக்கி சோதனைப் பாதையில் 1979 டிசம்பரில் ஆளில்லா வண்டி 517 கி.மீ. வேகத்தை எட்டியது. யமனாசி சோதனைப் பாதை 1997இல் 18.4 கி.மீ. நீளத்தோடு தொடங்கி 2013இல் 42.8 கி.மீ. ஆக நீண்டது. அங்கே 2015 ஏப்ரல் 21 அன்று எட்டப்பட்ட 603 கி.மீ. வேகம் உலகச் சாதனையாகப் பதிவானது. ஒப்பிட்டுப் பார்க்க, சக்கர ரயிலின் சாதனை 574.8 கி.மீ.; பிரான்சு நாட்டு டிஜிவி 2007இல் நிகழ்த்தியது. இரண்டுக்கும் இடையே பலர் நினைக்கும் அளவு தூரமில்லை. அன்றாடச் சேவையில் தேய்மானமில்லாமல் 500 கி.மீ. வேகத்தைத் தாங்குவதே காந்தமிதவையின் உண்மையான ஆதாயம்.

ஜப்பானிய வண்டியில் நியோபியம்–டைட்டானியம் கம்பிச் சுருள்கள் நீர்ம ஹீலியத்தால் −269 பாகை செல்சியசுக்குக் குளிர்விக்கப்படுகின்றன. அந்நிலையில் மின்தடை மறைந்து மிகப்பெரிய மின்னோட்டம் இழப்பின்றிச் சுற்றும். வண்டி சுமார் 150 கி.மீ. வேகம் வரை இரப்பர் சக்கரத்தில் ஓடி, பிறகு 10 செ.மீ. உயரத்தில் மிதக்கிறது. நிலநடுக்கம் மிகுந்த நாட்டுக்கு 10 மி.மீ. இடைவெளி போதாது என்பதால்தான் இந்தக் கடினமான வழியை ஜப்பான் தேர்ந்தெடுத்தது.

தோக்கியோவின் சினகாவாவிலிருந்து நகோயா வரை 286 கி.மீ. தூரத்தை 40 நிமிடத்தில் கடக்கும் சூவோ சின்கான்சென் பாதையின் கட்டுமானம் 2014 டிசம்பரில் தொடங்கியது. அதில் பெரும்பகுதி சுரங்கம். சிசுவோக்கா மாகாணத்தில் அமையும் பகுதி 11 கி.மீ. கூட இல்லை. ஆனால் மலையைக் குடைவதால் ஓய் ஆற்றின் நீர் குறைந்துவிடும் என்று அம்மாகாணம் அனுமதி மறுத்தது. 2027இல் திறக்க வேண்டிய பாதை 2034க்கு முன்பு வராது என்று 2024இல் அறிவிக்கப்பட்டது. மதிப்பீடு 5.5 இலட்சம் கோடி யென்னிலிருந்து 2021இல் 7 இலட்சம் கோடி யென்னாக உயர்ந்தது. அரை நூற்றாண்டு ஆய்வில் தேறிய வண்டி, ஓர் ஆற்று நீருக்காகக் காத்து நிற்கிறது.

குறைந்த வேகத்தில் நகருக்குள் ஓடும் பாதைகள் சற்று நன்றாகவே நிலைத்தன. நகோயா அருகே 2005இல் தொடங்கிய 8.9 கி.மீ. நீள லினிமோ, சீனாவில் சாங்சா விமான நிலையத்திற்கு 2016இல் தொடங்கிய 18.55 கி.மீ. பாதை ஆகியவை இவ்வகையின. இவற்றில் மோட்டாரின் மின்சுற்று வண்டியிலேயே இருக்கிறது.

இந்தியாவில்

பெல் என்று அறியப்படும் பாரத மிகுமின் நிறுவனம், காந்தமிதவைத் தொடர்வண்டிகளை இந்தியாவில் தயாரிக்கும் நோக்கில் சுவிஸ்ராபிட் நிறுவனத்துடன் 2020 செப்டம்பரில் புரிந்துணர்வு ஒப்பந்தம் செய்தது. அதற்கு முன்பே, 2018 பிப்ரவரியில் மும்பையில் நடந்த முதலீட்டு மாநாட்டில், மும்பை–புனே ஹைப்பர்லூப் திட்டத்திற்கு வர்ஜின் ஹைப்பர்லூப் ஒன் நிறுவனத்துடன் மகாராட்டிர அரசு உடன்பாடு கண்டது. அந்த மாநாட்டின் பெயரே ‘மேக்னடிக் மகாராஷ்டிரா’ என்பது வேடிக்கையான பொருத்தம். அந்நிறுவனம் 2020 நவம்பரில் அமெரிக்காவின் நெவாடாவில் 500 மீட்டர் குழாயில் இருவரை ஏற்றி மணிக்கு 172 கி.மீ. வேகத்தில் ஓட்டிக் காட்டியது. 2023இன் இறுதியில் மூடப்பட்டது.

ஹைப்பர்லூப் என்ற பெயரைப் பரப்பியது 2013 ஆகஸ்டில் எலான் மஸ்க் வெளியிட்ட திட்ட அறிக்கை. வண்டி வேகமெடுக்க எடுக்கக் காற்றுத்தடை வேகத்தின் இருமடியில் கூடுகிறது. அதை வெல்லத் தேவைப்படும் திறன் மும்மடியில் கூடுகிறது. எனவே சக்கர உராய்வை நீக்கினால் மட்டும் போதாது, காற்றையும் நீக்க வேண்டும் என்பதே அதன் அடிப்படை. குழாய்க்குள் அழுத்தம் வெளிக்காற்றழுத்தத்தில் ஏறத்தாழ ஆயிரத்தில் ஒரு பங்காக இருக்கும். அவ்வறிக்கை காற்றுமெத்தையைத்தான் பரிந்துரைத்தது. பின்னர் இத்துறையில் இறங்கியவர்கள் பெரும்பாலும் காந்த மிதவைக்கு மாறினர்.

சென்னை ஐஐடியில் ‘ஆவிஷ்கார் ஹைப்பர்லூப்’ என்னும் மாணவர் குழு 2017இல் உருவானது. 2019இல் கலிபோர்னியாவில் நடந்த ஸ்பேஸ்எக்ஸ் போட்டியின் இறுதிச் சுற்று வரை அக்குழு சென்றது. 2022 மே மாதம் ரயில்வே அமைச்சகம் 8.34 கோடி ரூபாய் மதிப்பிலான கூட்டுத் திட்டத்தை ஐஐடியுடன் அறிவித்தது. ஐஐடியில் முளைத்த டியூட்டர் ஹைப்பர்லூப் என்ற நிறுவனமும் இதில் சேர்ந்தது. குழாய்க்கான எஃகை ஆர்சலர்மிட்டல் வழங்கியது. 2025 பிப்ரவரியில் தையூரில் பன்னாட்டு ஹைப்பர்லூப் போட்டி நடந்தது. அடுத்த மாதம் அங்கு வந்த ரயில்வே அமைச்சர் அசுவினி வைஷ்ணவ், இத்திட்டத்திற்கான மின்னணுப் பாகங்கள் பெரம்பூர் ஒருங்கிணைந்த ரயில்பெட்டித் தொழிற்சாலையில் உருவாக்கப்படும் என்றார்.

350 கி.மீ. தூரத்தை அரை மணி நேரத்தில் கடக்கலாம் என்ற செய்தி அப்போது பரவலாக வெளியானது. சென்னை–பெங்களூரு பாதையும் அதனோடு சேர்த்துப் பேசப்பட்டது. இதைச் சிறு கணக்கால் சோதித்துப் பார்க்கலாம். நின்றுகொண்டோ நடந்துகொண்டோ இருக்கும் பயணி தடுமாறாமல் இருக்க, வேகம் நொடிக்கு நொடி சுமார் 1 மீட்டர் அளவில் கூடினால் போதும் என்று கொள்வோம். 600 கி.மீ. வேகம் என்பது நொடிக்கு 167 மீட்டர். அதை எட்ட ஏறத்தாழ 14 கி.மீ. தேவை, நிறுத்த இன்னொரு 14 கி.மீ. தேவை. 422 மீட்டர் பாதையில் பாதி தூரம் வேகமெடுத்து மீதியில் நின்றால், இதே அளவுகோலின்படி எட்டக்கூடியது மணிக்கு சுமார் 74 கி.மீ. ஆளில்லாச் சோதனை வண்டியைக் கடுமையாக முடுக்கலாம்தான். புவியீர்ப்பு முடுக்கத்திற்குச் சமமாகத் தள்ளினாலும் 230 கி.மீ. அளவில் நின்றுவிடும்.

இதனால் தையூர் பாதை பயனற்றது என்றாகாது. மிதத்தல், தள்ளுதல், நிறுத்துதல், குழாயிலிருந்து காற்றை வெளியேற்றிக் கசிவில்லாமல் வைத்திருத்தல் ஆகியவற்றைக் கற்க இந்த நீளம் போதும். நெதர்லாந்தின் வேன்டாம் நகரில் 2024இல் திறக்கப்பட்ட ஐரோப்பிய மையத்தின் குழாயும் 420 மீட்டர்தான். சீனாவின் தத்தோங் நகருக்கருகே 2 கி.மீ. சோதனைப் பாதை இருக்கும்போது, தையூரை ஆசியாவிலேயே நீளமானது என்று சிலர் எழுதுவது சரியல்ல.

குழாயின் வெப்ப விரிவும் மாணவர்கள் கணக்கிட்டுப் பார்க்கத் தக்கது. எஃகு ஒரு பாகை வெப்பத்திற்குத் தன் நீளத்தில் பத்து இலட்சத்தில் 12 பங்கு விரியும். மார்கழி விடியற்காலைக்கும் கத்திரி வெயிலுக்கும் இடையே குழாயின் வெப்பநிலை 30 பாகை மாறுவதாகக் கொண்டால், 422 மீட்டர் குழாய் 15 செ.மீ. நீளும். 350 கி.மீ. குழாய் 126 மீட்டர் நீளும். அந்த விரிவுக்கு இடம் விட்டு, காற்றும் புகாதபடி ஆயிரக்கணக்கான இணைப்புகளைச் செய்ய வேண்டும்.

குன்றத்தூர்–ஒரகடம் தொழிற்பட்டை

சென்னையிலிருந்து பெங்களூருக்கு நேராக ஒரு கோடு இழுத்தால் அது சேக்கிழார் பிறந்த குன்றத்தூருக்கும் ஸ்ரீபெரும்புதூருக்கும் அருகாகச் செல்லும். இருங்காட்டுக்கோட்டையில் 1998 முதல் ஹூண்டாய் கார்களும், ஒரகடத்தில் 2010 முதல் ரெனோ–நிசான் கார்களும் உற்பத்தியாகும் இந்தப் பட்டை, இப்படிப்பட்ட பாதையால் என்ன பெறும்?

சென்னை நடுவிலிருந்து ஸ்ரீபெரும்புதூர் ஏறத்தாழ 40 கி.மீ. மேலே கண்ட கணக்கின்படி 600 கி.மீ. வண்டி அங்கே நிற்க வேண்டுமானால், உச்ச வேகத்தில் 12 கி.மீ. தூரம் ஓடியதுமே வேகத்தைக் குறைக்கத் தொடங்க வேண்டும். ஆகவே இவ்வகை வண்டி இடையில் நிற்பதற்கானது அன்று. இந்த ஊர்களின் நிலத்தை மட்டும் எடுத்துக்கொண்டு கடந்து போகும். வளைவுகளும் பெரியவை. 505 கி.மீ. வேகத்திற்கு வடிவமைத்த ஜப்பானியப் பாதையில் மிகச் சிறிய வளைவின் ஆரமே 8 கி.மீ. செம்பரம்பாக்கம் ஏரி, பிள்ளைப்பாக்கம் ஏரி, அடையாற்றின் கால்வாய்கள், குன்றத்தூர் முருகன் குன்று, இவற்றின் நடுவே நெருங்கிக் கிடக்கும் குடியிருப்புகள் என எதையும் ஒதுங்கிப் போக அந்த வளைவு இடம் தராது. பரந்தூர் விமான நிலையத்திற்காக 2022இல் இடம் அறிவிக்கப்பட்டது முதல் ஏகனாபுரம் மக்கள் தொடர்ந்து போராடி வருவதைப் பார்த்தவர்களுக்கு, நிலம் என்ற சொல்லின் எடை தெரியும்.

காந்தமிதவையின் நுட்பங்கள் இந்தப் பட்டைக்கு வேறு வழியில் ஏற்கெனவே வந்துவிட்டன. 2025இல் இருங்காட்டுக்கோட்டை ஆலையிலிருந்து கிரெட்டா மின்கார் வெளிவந்தது. இத்தகைய மின்கார்களின் மோட்டாரிலும், ஹைப்பர்லூப் சோதனை வண்டிகள் பலவற்றின் அடியிலும் இருப்பது நியோடிமியக் காந்தம். 1980களின் தொடக்கத்தில் ஜப்பானிலும் அமெரிக்காவிலும் தனித்தனியே கண்டுபிடிக்கப்பட்ட இதற்குத் தேவையான அருமண் தனிமங்கள் மோனசைட் மணலில் உள்ளன. கன்னியாகுமரி மாவட்டம் மணவாளக்குறிச்சிக் கடற்கரையில் மோனசைட் இருப்பதை, ஜெர்மனிக்கு ஏற்றுமதியான தேங்காய் நார்க் கயிற்றில் ஒட்டியிருந்த மணலிலிருந்து ஷோம்பெர்க் என்ற வேதியியலாளர் 1909இல் அறிந்தார். நூறாண்டுக்கு மேல் கழிந்தும், 2025 ஏப்ரலில் சீனா சில அருமண் தனிமங்களுக்கும் காந்தங்களுக்கும் ஏற்றுமதிக் கட்டுப்பாடு விதித்தபோது இந்தியக் கார் ஆலைகள் தடுமாறின.

இன்றைய நிலையில் இந்தப் பட்டையின் தேவை மிதக்கும் வண்டியைவிட எளிமையானது. பல இலட்சம் கார்கள் உருவாகும் ஸ்ரீபெரும்புதூரிலும் ஒரகடத்திலும் பயணிகள் ரயில் நிலையம் இல்லை. ஆவடியிலிருந்து ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம் வழியாகத் தென்மாவட்டத் தடத்தோடு இணையும் ரயில் பாதை பல ஆண்டுகளாகப் பேச்சளவில் உள்ளது. பூந்தமல்லியிலிருந்து சுங்குவார்சத்திரம் வழியாகப் பரந்தூர் வரை மெட்ரோவை நீட்டும் ஏறத்தாழ 53 கி.மீ. திட்டமும் முன்வைக்கப்பட்டுள்ளது. சக்கர ரயிலுக்கு ஒரு வசதி உண்டு: பெரம்பூரில் செய்த பெட்டி 1676 மி.மீ. அகலப்பாதை இருக்கும் எந்த ஊருக்கும் மறுநாளே ஓடலாம். பத்து கிலோமீட்டர் புதுத் தடம் போட்டாலும் அது நாட்டின் முழு வலையோடும் சேர்ந்துவிடும். காந்தமிதவைப் பாதையோ அந்த வலையோடு சேராது.

அதுவரை ஆலை வாசலில் இறங்கும் தொழிலாளர்கள் நிறுவனப் பேருந்துகளிலும் அரசுப் பேருந்துகளிலும் குன்றத்தூர்ச் சாலை வழியாக வந்து போகிறார்கள். கார்களில் ஒரு பகுதி சுமையுந்துகளில் வாலாஜாபாத் ரயில் நிலையம் வரை சென்று, அங்கே சரக்கு ரயிலில் ஏறுகிறது.